தாமதத்துக்குக் கூலி யார் கொடுப்பது?

அரசுப் பணியில் ஒப்பந்தத்தில் இருப்பவரை நிறுத்த மேஸ்திரியின் ஒரு வார்த்தை போதும். வழக்குப் போட்டுத் திரும்பச் சேரப் பத்து, இருபது வருடம் ஆகிறது. நடுவில் போன சம்பளத்துக்கு யார் பொறுப்பு? ஓசூர், கிருஷ்ணகிரி எல்லையிலிருந்து ஒரு பார்வை.

2025 மே 1 அன்று பெங்களூரு மாநகராட்சியின் 12,692 பௌரகார்மிகர்களுக்கு, அதாவது தூய்மைப் பணியாளர்களுக்கு, நிரந்தரப் பணி ஆணை கிடைத்தது. முதலில் ஒப்பந்ததாரரிடம் கூலி வாங்கினார்கள். போராடி மாநகராட்சியிடமே நேரடியாகச் சம்பளம் வாங்கும் இடத்துக்கு வந்தார்கள். கடைசியில் நிரந்தரமும் வந்தது. மூன்று மாதம் கழித்து, ஆகஸ்டில், சென்னை ரிப்பன் மாளிகை வாசலில் 5, 6-வது மண்டலங்களின் தூய்மைப் பணியாளர்கள் உட்கார்ந்திருந்தார்கள். அவர்கள் பார்த்துவந்த வேலை தனியார் நிறுவனத்தின் கைக்குப் போயிருந்தது. பதின்மூன்றாம் நாள் நள்ளிரவில் போலீஸ் அவர்களை அப்புறப்படுத்தியது.

இந்த இரண்டு நகரங்களுக்கும் நடுவில் இருக்கிறது ஓசூர். பெங்களூரு 40 கிலோமீட்டர். சென்னை 300 கிலோமீட்டருக்கு மேல். ஜூஜுவாடியைத் தாண்டினால் அத்திப்பள்ளி, அங்கே கர்நாடக விதி. இந்தப் பக்கம் தெருக் கூட்டுபவருக்கு விதி சென்னைக் கோட்டையிலிருந்து வருகிறது. 2019-ல் ஓசூர் மாநகராட்சி ஆனது. 2022-ல் வந்த அரசாணை 152, சென்னை நீங்கலான 20 மாநகராட்சிகளின் பணியிடங்களைத் திருத்தி அமைத்து, துப்புரவு போன்ற கடைநிலை வேலைகளை வெளி நிறுவனங்களிடம் விடும் வழியைக் காட்டியது. அந்த இருபதில் ஓசூரும் ஒன்று.

ஓசூர் என்றதும் நமக்குச் சிப்காட்டும், அசோக் லேலண்டும், டி.வி.எஸ்.ஸும், டைட்டனும்தான் நினைவுக்கு வரும். ஒப்பந்தத் தொழிலாளர் பிரச்சினையும் ஆலை கேட்டோடு நின்றுவிடுவதாக எண்ணுகிறோம். ஆனால் தண்ணீர்த் தொட்டி ஆபரேட்டர், தூய்மைக் காவலர், டெங்கு ஒழிப்புக் களப்பணியாளர், அரசு மருத்துவமனையின் துப்புரவாளர், காவலாளி, தொகுப்பூதியச் செவிலியர், கணினி இயக்குபவர், மின்வாரிய ஒப்பந்தத் தொழிலாளர் என்று அரசின் அன்றாடம் ஓடுவதே இவர்கள் கையில். ஆலையில் ஆள் குறைத்தால் வாசலில் கொடி ஏறும், செய்தி வரும். அரசு அலுவலகத்தில் ஒருவரை நிறுத்தினால் மறுநாள் அந்த இடத்தில் வேறொருவர் நிற்பார். அவ்வளவுதான்.

“நாளையிலிருந்து வர வேண்டாம்”

நிறுத்துவதற்குப் பல வழிகள் உண்டு. எழுத்தில் ஒன்றும் தராமல் வாயால் சொல்லிவிடுவது முதல் வழி. டெண்டர் மாறி, புது ஒப்பந்ததாரர் பழைய ஆட்களில் சிலரைச் சேர்க்காமல் விடுவது இரண்டாவது. சில மாதத்துக்கு ஒருமுறை ‘பிரேக்’ கொடுத்து, தொடர்ச்சியே இல்லாததுபோல் காட்டுவது மூன்றாவது. ஒப்பந்தக் காலம் முடிந்தது, நீட்டிப்பு இல்லை என்று சொல்லிவிடுவது நான்காவது. கோவிட் காலத்தில் தமிழக அரசு ஒப்பந்தத்தில் எடுத்த செவிலியர்கள் பலருக்கு 2022 டிசம்பர் 31-ஓடு நேர்ந்தது இதுதான்.

சட்டம் இவ்வளவு இளகியதா? 1947-ன் தொழில் தகராறுகள் சட்டம் அப்படிச் சொல்லவில்லை. பன்னிரண்டு மாதத்தில் 240 நாள் வேலை பார்த்த ஒருவரை ஆள்குறைப்பு செய்ய வேண்டுமானால், ஒரு மாத நோட்டீஸ் அல்லது அந்த மாதச் சம்பளம் கொடுக்க வேண்டும். முடித்த ஒவ்வொரு ஆண்டுக்கும் 15 நாள் சராசரி ஊதியம் இழப்பீடாகக் கொடுக்க வேண்டும். உதாரணத்துக்கு, நாளுக்கு 500 ரூபாய் வாங்கி ஆறு வருடம் வேலை பார்த்தவர் என்றால் இழப்பீடு 45,000 ரூபாய், அதோடு ஒரு மாதச் சம்பளம். அதையும் வேலையை விட்டு நிறுத்தும்போதே கொடுக்க வேண்டும். கொடுக்காமல் நிறுத்தினால் அந்த நிறுத்தமே சட்டப்படி செல்லாது. கடைசியாகச் சேர்ந்தவர் முதலில் போக வேண்டும். மறுபடி ஆள் எடுத்தால் நிறுத்தப்பட்டவருக்கே முதலிடம் என்பவையும் அதே சட்டத்தில் இருந்தன.

தமிழ்நாட்டில் இதற்கு மேலும் ஒரு பிடி உண்டு. 1981-ல் இயற்றிய நிரந்தரத் தகுதிச் சட்டம், 24 மாதத்தில் 480 நாள் வேலை பார்த்தவரை நிரந்தரமாக்கச் சொல்கிறது. மின்வாரியத் தொழிலாளர்கள் பலர் இதைப் பிடித்துத்தான் கரையேறினார்கள். அதே வாரியத்தின் ஒப்பந்தத் தொழிலாளர் வழக்கில் உச்ச நீதிமன்றம் அமைத்த நீதிபதி காலித் ஆணையம், 18,006 பேரை வாரியம் எடுத்துக்கொள்ளத் தகுதியானவர்களாக அடையாளம் கண்டது. இந்த நிரந்தரத் தகுதிச் சட்டத்துக்குள் எந்த அரசு அமைப்பு வரும், எது வராது என்பதில் வழக்குக்கு வழக்கு வாதம் நடக்கிறது. ஜூஜுவாடியைத் தாண்டிவிட்டால் இந்தச் சட்டமே செல்லாது.

அப்படியானால் ஓட்டை எங்கே? ஒப்பந்தக் காலம் முடிந்து புதுப்பிக்காமல் விட்டால் அது ஆள்குறைப்பு ஆகாது என்ற விலக்கு 1984-ல், 1947-ன் சட்டத்துக்குள் நுழைந்தது. ஆண்டு முழுக்க நடக்கும் வேலைக்கு மூன்று மாத ஒப்பந்தம் போடுவது அதன் பிறகு வசதியாகிவிட்டது. நிரந்தரச் சலுகையைத் தராமல் இருப்பதற்காகவே ஒருவரை ஆண்டுக்கணக்கில் தற்காலிகமாக வைத்திருப்பது நியாயமற்ற தொழிலாளர் நடைமுறை என்று அதே சட்டத்தின் ஐந்தாவது அட்டவணை சொன்னது. இதை அரசுத் துறைகள் தங்களுக்கும் சேர்த்து எழுதியதாக எடுத்துக்கொள்ளவில்லை.

எல்லைக்கு அப்பாலிருந்து வந்த தீர்ப்புகள்

இந்தியா முழுவதும் ஒப்பந்த ஊழியர்களின் தலையெழுத்தைத் தீர்மானித்த உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளில் நான்கு, ஓசூருக்கு அடுத்த மாநிலத்தில் பிறந்த வழக்குகள்.

முதலாவது, பெங்களூரு குடிநீர் வாரிய வழக்கு. 1978-ல் ஏழு நீதிபதிகள் கொண்ட அமர்வு விசாரித்தது. நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் எழுதிய தீர்ப்பு ‘தொழில்’ என்பதற்கு விரிந்த விளக்கம் கொடுத்தது. லாபநோக்கம் இல்லாவிட்டாலும், முதலாளியும் தொழிலாளியும் சேர்ந்து முறையாக நடத்தும் சேவை தொழில்தான் என்றது. வாரியங்களிலும் நகராட்சிகளிலும் தினக்கூலியாக இருப்பவர் தொழிலாளர் நீதிமன்றப் படியேறுவது இந்தத் தீர்ப்பின் பலத்தில்தான்.

இரண்டாவது 2002-ல் வந்தது. கர்நாடக வனத்துறையின் தினக்கூலி ஒருவர் 240 நாள் வேலை பார்த்ததாகப் பிரமாணப் பத்திரம் மட்டும் தாக்கல் செய்திருந்தார். அது போதாது, நிரூபிக்கும் பொறுப்பு தொழிலாளியுடையது என்றது நீதிமன்றம். மஸ்டர் ரோல் என்னும் வருகைப் பதிவேடு வனச்சரக அலுவலகத்து அலமாரியில் இருக்கும். நிரூபிக்க வேண்டியவரோ வெளியே நிற்பார்.

மூன்றாவது, 2005-ல், இந்த இறுக்கத்தைக் கொஞ்சம் தளர்த்தியது. கர்நாடகத்தில் உதவி செயற்பொறியாளர் அலுவலகம் ஒன்றின் தினக்கூலி தொடர்ந்த வழக்கு அது. தினக்கூலிக்கு நியமன ஆணையோ சம்பள ரசீதோ யாரும் தருவதில்லை என்பதை நீதிமன்றம் ஒப்புக்கொண்டது. தொழிலாளி கூண்டேறிச் சாட்சி சொல்லி, பதிவேட்டைக் கொண்டுவரச் சொல்லிக் கேட்கலாம். நிர்வாகம் கொண்டுவரவில்லை என்றால் சூழ்நிலையைப் பார்த்து அதை நிர்வாகத்துக்கு எதிராக எடுத்துக்கொள்ளலாம் என்றது.

நான்காவது, எல்லா அரசு வழக்கறிஞர்களும் மனப்பாடமாக வைத்திருக்கும் உமாதேவி வழக்கு. கர்நாடக வணிகவரித் துறையின் தினக்கூலிகளிடமிருந்து தொடங்கி, 2006 ஏப்ரல் 10 அன்று ஐந்து நீதிபதிகள் அமர்வில் முடிந்தது. போட்டித் தேர்வோ முறையான நியமனமோ இல்லாமல் பின்வாசலால் வந்தவர் பல வருடம் இருந்தார் என்பதற்காக நிரந்தரம் கேட்க முடியாது என்பது தீர்ப்பின் சாரம். அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில், நீதிமன்ற உத்தரவின் தயவில்லாமல், பத்தாண்டுக்கு மேல் இருந்த தகுதியுள்ளவர்களை ஒரே ஒரு முறை வரன்முறை செய்யுங்கள் என்றும் அதே தீர்ப்பு அரசுகளுக்குச் சொன்னது. முதல் பாதியை எல்லா எதிர்மனுக்களிலும் பார்க்கலாம். இரண்டாம் பாதியைப் பார்ப்பது அரிது.

இதில் பலரும் குழம்பும் இடம் ஒன்று உண்டு. நிரந்தரம் கேட்பது ஒரு வழக்கு. சட்டப்படி நிறுத்தவில்லை என்று கேட்பது வேறு வழக்கு. உமாதேவி தீர்ப்பு முதலாவதைப் பற்றியது. நோட்டீஸும் இழப்பீடும் இல்லாமல் நிறுத்துவதற்கு அது அனுமதி கொடுக்கவில்லை. நியாயமற்ற நடைமுறையைத் திருத்தத் தொழிலாளர் நீதிமன்றங்களுக்கு உள்ள அதிகாரத்தை உமாதேவி தீர்ப்பு பறிக்கவில்லை என்று மகாராஷ்டிரப் போக்குவரத்துக் கழக வழக்கில் 2009-ல் உச்ச நீதிமன்றமே தெளிவுபடுத்தியது.

மூன்று முறை வீட்டுக்குப் போனவர்கள்

தமிழ்நாட்டில் இந்தக் கதையின் உச்சம் மக்கள் நலப் பணியாளர்கள். 1989-ல் தி.மு.க. அரசு ஊராட்சிக்கு இருவர் என்று 25,234 பேரை நியமித்தது. படித்த கிராமத்து இளைஞர்களுக்கு ஊரிலேயே ஒரு வேலை. 1991-ல் ஆட்சி மாறியது, வேலை போனது. 1997-ல் திரும்ப வந்தது, 2001-ல் மறுபடி போனது. 2006-ல் வந்தது, 2011 நவம்பர் 8 அன்று சுமார் 13,500 பேருக்கு ஒரே அரசாணையில் போனது. இன்றைய கிருஷ்ணகிரி மாவட்டத்தில் தளி, சூளகிரியிலிருந்து ஊத்தங்கரை வரை பத்து ஒன்றியங்களில் 333 ஊராட்சிகள். தேர்தல் முடிவு வரும் நாளில் வேலை இருக்கிறதா இல்லையா என்று இந்த ஊராட்சிகளிலும் ஆள் காத்திருந்தார்கள்.

2011-ன் அரசாணையை உயர் நீதிமன்றம் சில மாதத்திலேயே ரத்து செய்தது. மேல்முறையீடு போனது. 2014-ல் உயர் நீதிமன்ற அமர்வு, காலிப் பணியிடங்களில் இவர்களைச் சேர்க்கச் சொன்னது. உச்ச நீதிமன்றத்தில் தடை வந்தது. 2022-ல் தி.மு.க. அரசு, நூறு நாள் வேலைத் திட்டத்தில் ஊராட்சிப் பணி ஒருங்கிணைப்பாளராக மாதம் 7,500 ரூபாய்க்குச் சேர்த்துக்கொள்கிறோம் என்றது. 2023 ஏப்ரல் 11 அன்று உச்ச நீதிமன்றம் அந்தத் திட்டத்தை ஏற்றது. வழக்கு பதினோரு ஆண்டுக்கு மேல் நடந்தது. அதற்குள் சிலர் இறந்துபோனார்கள், பலருக்கு வயதாகிவிட்டது. பழைய வேலையும் திரும்ப வரவில்லை, வேலையில்லாமல் கழிந்த ஆண்டுகளுக்கு முழுச் சம்பளமும் வரவில்லை.

முறையாக வேலைக்கு எடுத்தவர்களும் தப்பவில்லை. 1997-ல் நெடுஞ்சாலைத் துறை எடுத்த சுமார் 10,000 சாலைப் பணியாளர்களை 2002 செப்டம்பரில் அ.தி.மு.க. அரசு நீக்கியது, 2006 பிப்ரவரியில் அதே அரசு திரும்பச் சேர்த்தது. நடுவில் போனது 41 மாதம். “41 மாதப் பணிநீக்கக் காலத்தைப் பணிக்காலமாக்கு” என்ற கோரிக்கையை மாவட்டத் தலைநகரங்களின் ஆர்ப்பாட்டப் பதாகைகளில் இருபது ஆண்டுகளாகப் பார்த்து வருகிறோம். ஓய்வூதியக் கணக்கில் அந்த 41 மாதம் எவ்வளவு பெரியது என்பது ஓய்வுபெறும் நாளில்தான் தெரியும்.

பின்சம்பளம் என்னும் ஒரே கடிவாளம்

நிறுத்தியது தவறு என்று தீர்ப்பு வந்தால், வேலையில்லாமல் இருந்த காலத்துக்குச் சம்பளம் தர வேண்டுமா? முழுப் பின்சம்பளம் என்பதே பொதுவிதி என்று 1978-ல் இந்துஸ்தான் டின் வொர்க்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. சொல்லிவிட்டு, நிறுவனத்தின் நிதி நிலையைப் பார்த்து 75 சதவீதம் கொடுக்கச் செய்தது. பிற்காலத்தில் காற்று மாறியது. ஹரியானா வேளாண் சந்தை வாரியத்தின் தினக்கூலி ஒருவருக்கு 2009-ல் வேலைக்குப் பதில் 50,000 ரூபாய் இழப்பீடு போதும் என்று முடித்தது அதே நீதிமன்றம். பி.எஸ்.என்.எல். வழக்கு ஒன்றில் 2013-ல் அந்தத் தொகை 3 லட்சம் ஆனது. அதே 2013-ல் மகாராஷ்டிர ஆசிரியை ஒருவரின் வழக்கில் நீதிபதி ஜி.எஸ். சிங்வி அமர்வு பழைய விதிக்கு உயிர் கொடுத்தது. வேறெங்கும் சம்பாதிக்கவில்லை என்று ஊழியர் சொன்னால் போதும், சம்பாதித்தார் என்று காட்டுவது முதலாளியின் பொறுப்பு என்றது. சட்டவிரோதமாக நிறுத்திய முதலாளிக்கு வழக்கின் தாமதம் பரிசாகிவிடக் கூடாது என்பதுதான் அந்தத் தீர்ப்பின் உயிர்நாடி.

ஆனால் பரிசாகத்தான் ஆகிறது. எல்.ஐ.சி.யின் தற்காலிக ஊழியர் வழக்கைப் பாருங்கள். 1985-க்கும் 1991-க்கும் இடையில் வேலை பார்த்தவர்கள். தமிழ்நாட்டுச் சங்கம் ஒன்றின் பெயரிலேயே சட்ட நூல்களில் இருக்கிறது அந்த வழக்கு. 2001-ல் தீர்ப்பாயம் அவர்கள் பக்கம் சொன்னது. 2015-ல் உச்ச நீதிமன்றம் முழுப் பலன்களோடு அதை உறுதிசெய்தது. 2016-ல் மறுசீராய்வில் பின்சம்பளம் பாதியானது. தீர்ப்பாயத்தில் தோற்றதும் பணத்தைக் கொடுத்திருந்தால் ஆகியிருக்கும் செலவையும், பதினைந்து ஆண்டு இழுத்து ஆன செலவையும் ஒப்பிட்டால், தாமதிப்பதே லாபம் என்று எந்தக் கணக்காளரும் சொல்வார்.

அண்மைத் தீர்ப்புகள் ஊழியர் பக்கம் சாய்ந்திருக்கின்றன. மத்திய நீர் ஆணையத்தில் ஏறக்குறைய இருபதாண்டு துப்புரவும் தோட்டமும் பார்த்தவர்களை 2018 அக்டோபர் 27 அன்று நிறுத்தினார்கள். 2024 டிசம்பர் 20 அன்று நீதிபதி விக்ரம் நாத் அமர்வு அந்த உத்தரவுகளை ரத்துசெய்து, அவர்களை வரன்முறை செய்யச் சொன்னது. உமாதேவி தீர்ப்பை ஆயுதமாக்கிப் பழைய ஊழியரை வெளியேற்றும் போக்கைக் கண்டித்தது. பணித் தொடர்ச்சியும் கொடுத்தது. ஆனால் வேலையில்லாமல் இருந்த ஆறாண்டுக்குச் சம்பளம் இல்லை. அடுத்த மாதமே, 2025 ஜனவரி 31-ல், காசியாபாத் மாநகராட்சித் தோட்டக்காரர்கள் வழக்கில் அதே அமர்வு வேலையும் 50 சதவீதப் பின்சம்பளமும் கொடுத்தது. அவர்களை நிறுத்தியது 2005-ல். இருபது வருடத்துக்குப் பாதிச் சம்பளம். வென்றவர்களே பாதியை இழந்துதான் வெளியே வருகிறார்கள்.

வேலை செய்யாத காலத்துக்கு மக்கள் வரிப்பணத்தைக் கொடுப்பதா என்ற கேள்வி எழும். நியாயமான கேள்விதான். ஆனால் அவர் வேலைக்கு வர மறுக்கவில்லை. வந்தவரைத் திருப்பி அனுப்பியது நிர்வாகம். அந்த வேலையும் நிற்கவில்லை, வேறொருவர் குறைந்த கூலிக்குச் செய்தார். வரிப்பணம் வீணாகக் கூடாது என்றால் முதல் தீர்ப்பையே நிறைவேற்ற வேண்டும். தோற்ற வழக்கை மூன்று நீதிமன்றத்துக்கு இழுக்கும் வழக்கறிஞர் கட்டணமும் அதே கஜானாவிலிருந்துதான் போகிறது.

கையில் இருக்க வேண்டியவை

2025 நவம்பர் 21 முதல் மத்திய அரசு நான்கு தொழிலாளர் சட்டத் தொகுப்புகளை அமலாக்கியது. 1947-ன் சட்டத்துக்குப் பதில் இப்போது தொழில் உறவுகள் தொகுப்பு. இதில் ஒரு எச்சரிக்கை உண்டு. தகராறு எழுந்து இரண்டு ஆண்டு கடந்தால் சமரச அதிகாரி அதை எடுக்க மாட்டார். ‘அடுத்த டெண்டரில் பார்த்துக்கலாம்’ என்று மேஸ்திரி சொல்வதை நம்பிக் காத்திருந்தால் உரிமையே போய்விடும்.

வேலையில் இருக்கும்போதே ஆதாரம் சேர்க்க வேண்டும். அடையாள அட்டை, வங்கியில் சம்பளம் ஏறிய பதிவு, பி.எஃப்., இ.எஸ்.ஐ. விவரம், மேற்பார்வையாளர் வாட்ஸ்அப்பில் அனுப்பிய வேலைப் பட்டியல் எல்லாம் 240 நாளுக்குச் சாட்சி. நிறுத்தியதும், வேலைக்குத் தயாராக இருக்கிறேன் என்று அலுவலகத்துக்கு ஸ்பீட் போஸ்ட்டில் ஒரு கடிதம் அனுப்பி, ரசீதைப் பத்திரப்படுத்த வேண்டும். வருகைப் பதிவேட்டின் நகலைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்கலாம். 30 நாளில் பதில் தர வேண்டும். நடுவில் கூலி வேலை பார்த்திருந்தால் அதை நீதிமன்றத்தில் மறைக்க வேண்டாம். மறைத்தது தெரிந்தால் பின்சம்பளம் முழுவதும் போகலாம்.

ஒப்பந்ததாரர் மூலம் வந்தவருக்கு இன்னொரு படி கூடுதல். ஒப்பந்தம் வெறும் கண்துடைப்பு, வேலை வாங்கியதும் கட்டுப்படுத்தியதும் மாநகராட்சியோ மருத்துவமனையோதான் என்று நிரூபித்தால், அவர் அந்த நிர்வாகத்தின் நேரடித் தொழிலாளி ஆவார். 2001-ல் ஸ்டீல் அத்தாரிட்டி வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த வழி இது. ஒப்பந்ததாரரின் தலைமை அலுவலகம் பெங்களூரில் இருந்தாலும், வீடு அத்திப்பள்ளியில் இருந்தாலும் கவலையில்லை. ஓசூரில் வேலை பார்த்தவர் வழக்கைக் கிருஷ்ணகிரி மாவட்டத் தொழிலாளர் துறையிடமே தொடங்கலாம். மத்திய அரசு நிறுவனமாக இருந்தால் மட்டும் மத்தியத் தொழிலாளர் துறையை நாட வேண்டும்.

வேலை தரச் சொன்ன தீர்ப்பை எதிர்த்து நிர்வாகம் உயர் நீதிமன்றம் போனால், வழக்கு முடியும்வரை கடைசியாக வாங்கிய சம்பளத்தை மாதாமாதம் தர வேண்டும் என்ற பாதுகாப்பு பழைய சட்டத்தின் 17பி பிரிவில் இருந்தது. புதிய தொகுப்பிலும் அது தொடர்கிறது. இதைக் கேட்டு வாங்காமல் விடுபவர்களே அதிகம்.

எந்தக் கட்சி கோட்டையில் இருந்தாலும் செய்யக்கூடியவை இரண்டு. தொழிலாளர் நீதிமன்றம் 240 நாளை உறுதிசெய்து தீர்ப்புச் சொன்ன வழக்கில், மேல்முறையீடு செய்யும் முன் அந்தத் துறைச் செயலர் காரணத்தை எழுத்தில் பதியட்டும். நோட்டீஸும் இழப்பீடும் தராமல் நிறுத்தச் சொன்ன அதிகாரியின் பெயர் கோப்பில் இருக்கட்டும். பின்சம்பளத்தில் ஒரு பங்கு அவர் பொறுப்பில் வரட்டும். நீதிமன்றங்கள் பாதிச் சம்பளத்தோடு முடிக்கும் வழக்கத்தை விட்டு முழுப் பின்சம்பளத்தையே விதியாக்க வேண்டும். தாமதத்துக்கு விலை கொடுக்க வேண்டும் என்று தெரிந்தால்தான் அரசு தாமதிப்பதை நிறுத்தும்.